ரோமாபுரித் தாடி

எழுபதுகளின் கடைசியில் என் நண்பன் ஒருவன் பழைய ரோமாபுரி வழக்காடிகளைப் பற்றி முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்துகொண்டிருந்தான். குருமடத்தில் லத்தீன் படித்து, பாதிரியார் பட்டம் வாங்குமுன் கல்யாண ஆசை வந்து வெளியேறியவன். பிறகு கல்லூரியில் பிரெஞ்சு விரிவுரையாளன். கடற்கரையில் நடக்கும்போது ஈராயிரம் ஆண்டுப் பழைய பிரபுக்களின் வம்பை நேற்று நடந்ததுபோலச் சொல்வான். அங்கே வழக்காடுகிறவர் கூலி வாங்கக் கூடாதாம், அன்பளிப்பு வாங்கலாமாம்.

"நம்ம ஆபீஸ் மாதிரின்னு சொல்லு" என்பேன். கோபித்துக்கொள்வான்.

அவன் தம்பி அரியாங்குப்பத்தில் குடியிருந்தான். எங்கள் அலுவலகத்து ஜீப் ஓட்டுநர். குடித்துவிட்டு வேலைக்கு வந்தான் என்று மேலாளர் எழுதிவைக்க, தற்காலிகப் பணிநீக்கம். நிரூபித்துவிட்டால் வேலையே போய்விடும். விசாரணையில் துணைக்கு ஒரு சக ஊழியர் வாதாடலாம் என்பது விதி. விதிப் புத்தகத்தைக் கதைப் புத்தகம்போலப் படிக்கிற ஒரே பைத்தியம் நான் என்பதால் என்னைப் பிடித்தார்கள். மேலாளரின் சாட்சியம் இவ்வளவுதான்: சிவந்த கண், தாடி, கசங்கிய சட்டை. மருத்துவச் சான்று கிடையாது. சுலபமான வழக்கு என்று நினைத்தேன்.

விசாரணையன்று தம்பி வந்த கோலத்தைப் பார்த்து வாசலிலேயே அவனை மறித்தேன். வாரக்கணக்கில் வளர்த்த தாடி, அழுக்குச் சட்டை, வெங்காயம் தேய்த்துச் சிவந்த கண். பின்னால் பெண்டாட்டி பிள்ளைகள், கூடவே என் நண்பன்.

"என்னடா வேஷம் இது?"

"அண்ணன்தான் சார் சொன்னாரு. ரோமாபுரில கேஸுன்னா இப்படித்தான் போவாங்களாம். பாத்தாலே ஜட்ஜுக்கு மனசு இளகிடுமாம்."

நண்பன் பெருமையோடு தலையாட்டினான். "பெரிய பிரபுக்களே இப்படித்தான் நின்னாங்க."

"பாவி, அவனுங்க மேல குடிச்ச கேஸாடா இருந்துது?"

அதற்குள் உள்ளே கூப்பிட்டுவிட்டார்கள். சாட்சி சொல்ல உட்கார்ந்திருந்த மேலாளர் துள்ளி எழுந்தார். "பாருங்க சார்! இன்னிக்கும் போட்டுட்டு வந்திருக்கான்!"

விசாரணை அதிகாரி மூக்கைச் சுளித்தார். வாசலிலிருந்து பெண்டாட்டி கத்தினாள். "ஒண்ணும் போடல சார்! எல்லாம் எங்க மூத்தாரு பண்ண கூத்து!"

பியூன் கதவைச் சாத்தினான். வேலை போனது என்றுதான் தம்பி முகம் சொன்னது. எனக்கோ அப்போதுதான் புத்தி வந்தது.

"அன்னிக்கும் இவன் இப்படித்தான் இருந்தானா?" என்று மேலாளரைக் கேட்டேன்.

"அச்சு அசலா இப்படியேதான்!"

அதை எழுதவைத்து, அவரிடம் கையெழுத்தும் வாங்கச் செய்தேன். பிறகு, "இவனை இப்பவே கோரிமேடு ஆஸ்பத்திரிக்கு அனுப்பிச் சோதிக்கணும் சார்" என்றேன். மேலாளருக்கு ஏக சந்தோஷம். ஜீப் ஓட்ட ஆளில்லை. இருந்த ஒரே ஓட்டுநர்தான் குற்றவாளி. தம்பி பியூன் காவலோடு பஸ்ஸில் போனான்.

மதியத்துக்கு மேல் சான்று வந்தது: குடித்ததற்கான அறிகுறி எதுவுமில்லை. இன்றைக்கு இல்லாத குடியைக் கண்ட கண்ணுக்கு அன்றைக்கு மட்டும் எப்படித் தெரிந்தது என்று கேட்டேன். குற்றச்சாட்டு விழுந்தது.

வெளியே நண்பன் ரோமாபுரியே ஜெயித்ததுபோல நின்றான். "பாத்தியா, ஈராயிரம் வருஷமா தோக்காத உத்தி!"

தம்பி நேரே சலூனுக்குப் போய்ச் சவரம் செய்துகொண்டான். வெளுத்த சட்டை மாட்டிக்கொண்டு, சாயங்காலம் சாராயக்கடைக்குப் போய் வயிறு முட்டக் குடித்தான். பணி நேரத்துக்குப் பிந்திய செயல் என்பதால் அதை விசாரிக்க விதியில் இடமில்லை.