படிக்காமல் போட்ட கையெழுத்து

போன மாதம் நான் கூண்டில் ஏறினேன். சுரங்கத்துக்குள் இறக்கும் கூண்டு இல்லை — கோலார் முன்சீப் கோர்ட்டில் சாட்சிக் கூண்டு.

தங்கச் சுரங்க ஆபீஸில் ஆட்களின் பெயர் பதியும் ரைட்டருக்கு அங்கே என்ன வேலை?

எங்கள் தொழிலாளர் குடியிருப்பு லைனில் ஒரு சின்னப் பள்ளிக்கூடம். அதன் கமிட்டியில் மூன்று பேர், நானும் ஒருவன். அங்கே ஒரு வருஷமாகத் தற்காலிகமாகப் பாடம் சொல்லித்தந்தவர் எஸ்தர். வேலூரில் உபாத்தியாயர் பயிற்சி முடித்தவர். நிரந்தர வேலைக்கு அவரும் மனுப் போட்டார், கமிட்டிக் காரியதரிசியின் மைத்துனரும் போட்டார். வேலை மைத்துனருக்குப் போனது. எஸ்தர் கோர்ட்டுக்குப் போனார்.

'கமிட்டி கூடி, இரு மனுக்களையும் பரிசீலித்து...' என்கிறது தீர்மானப் புத்தகம். கீழே என் கையெழுத்து.

கூட்டமே நடக்கவில்லை. ஷிப்ட் மாறும் நேரம்; என் ஆபீஸ் ஜன்னலுக்கு வெளியே ஆட்கள் பெயர் பதிய நிற்கிறார்கள். காரியதரிசி புத்தகத்தை நீட்டினார், படிக்காமலே போட்டேன்.

சாட்சி சொல்ல எனக்குச் சம்மன் வந்தது. காரியதரிசி வீட்டுக்கே வந்தார்.

"கூட்டம் நடந்துச்சுன்னு ஒரு வார்த்த சொல்லிட்டு வாங்க ரைட்டரே. அதுக்கு மேல யாரு இன்னா கேக்கப் போறாங்க?"

என்னை ஆபீஸில் சேர்த்துவிட்டவரே அவர்தான். எப்படி மறுப்பது?

கோர்ட் நாளன்று சாம்பியன் ரீப்ஸ் ஸ்டேஷனில் ரயில் ஏறினால், எதிர் பெஞ்சில் எஸ்தரும் அவருடைய அப்பாவும். சுரங்கத்தில் கீழ் லெவலில் வேலை செய்கிறவர், ஷிப்டை விட்டுவிட்டு மகளோடு வந்திருந்தார்.

"வாங்க ரைட்டரய்யா, இப்படி உக்காருங்க" என்று நகர்ந்து இடம் கொடுத்தார். எனக்கோ அடுத்த பெட்டிக்கு ஓடிவிடலாமா என்றிருந்தது.

பௌரிங்பேட்டையில் கோலார் ரயிலுக்கு மாற வேண்டும். இறங்கும்போது எஸ்தர் கேட்டார்.

"நான் எழுதின மனுவ நீங்க படிச்சீங்களா?"

"இல்லம்மா."

"அத்தயே அங்க சொல்லுங்க. வேற ஒண்ணும் வாணாம்."

"அன்று கமிட்டி கூடியதா?" என்று கோர்ட்டில் கேட்டார் எஸ்தரின் வக்கீல். காரியதரிசி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கூடவில்லை" என்றேன். எனக்கே கேட்கவில்லை. இன்னொரு முறை சொல்லச் சொன்னார்கள்... சொன்னேன்.

நியமனம் செல்லாது, கமிட்டி முறைப்படி கூட வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. காரியதரிசி கமிட்டியிலிருந்து விலகிக்கொண்டார். இப்போது என்னைக் கண்டால் தெருவின் அந்தப் பக்கம் போய்விடுகிறார். மேலதிகாரியிடம் என்ன சொல்லிவைத்திருக்கிறாரோ, தினமும் ஆபீஸ் படியேறும்போது அந்த அறைக் கதவை ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் போகிறேன்.

புதிதாக ஒருவரைச் சேர்த்துக்கொண்டு சனிக்கிழமை கூடினோம். இரண்டு மனுக்களையும் படித்தோம். தான் பயிற்சி பெறவில்லை என்று மைத்துனர் ஒளிவுமறைவில்லாமல் எழுதியிருந்தார். இத்தனை நாளும் அது அங்கேயே இருந்திருக்கிறது!

மறுப்பதற்குத்தான் தைரியம் வேண்டும் என்று நினைத்திருந்தேன். படிப்பதற்கே கொஞ்சம் வேண்டும் போலிருக்கிறது.

நியமன உத்தரவை நானே எஸ்தர் வீட்டுக்குக் கொண்டுபோனேன். கையெழுத்துப் போட அவருடைய அப்பா பேனாவை எடுத்து நீட்டினார்.

"இருப்பா, படிச்சிட்டுப் போடறேன்" என்றார் எஸ்தர்.

முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை விரல் வைத்துப் படித்தார். திரும்ப ஒருமுறை படித்தார். வாசலில் நின்றுகொண்டிருந்தேன். ஐந்து நிமிடம் ஆகியிருக்கும்.

அன்று ஆபீஸ் ஜன்னலோரத்தில் படிக்காமல் நான் மிச்சம் பிடித்தது அவ்வளவுதான்.