சமையல்காரன் இல்லாமல் போன நீர்மூழ்கி

தைசியா லஸ்குத்தோவா எங்கள் ஊர்க் கொதிகலன் கூடத்தில் நிலக்கரி அள்ளிப் போடுகிறவள். பதினாறு வருஷமாக அவள் கடற்படையிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். செத்துப்போன தன் புருஷனைச் செத்துப்போனவன் என்று எழுதச் சொன்னாள். அதற்குத்தான் இத்தனை பாடு.

புருஷன் பெயர் வெனியமின். நீர்மூழ்கிகளில் சமைக்கிறவன். நான் கப்பல் துறையில் கயிறு கட்டி அவிழ்க்கிறவன். எங்கள் துறையில் ஒரு வழக்கம் உண்டு. நீர்மூழ்கி புறப்படும்போது சமையல்காரன் மேலே ஏறி வந்து, அன்று சுட்ட முதல் ரொட்டியைக் கயிறு அவிழ்க்கிறவன் கையில் கொடுப்பான். கப்பல் திரும்பி வரும் நாளில் நாங்கள் ஒரு பன்றிக்குட்டியைச் சுட்டு வைத்துக் காத்திருப்போம்.

எழுபத்தாறாம் வருஷம் அக்டோபரில் 318 எண் நீர்மூழ்கி புறப்பட்டது. ரொட்டியோடு மேலே வந்தவனைப் பார்த்து எனக்கு ஆச்சரியம்.

"என்னடா வெனியமின், இது உன் கப்பல் இல்லையே?"

"சிசோயெவுக்குக் குடல்வால் வெடிக்கப் போவுதாம் அண்ணே. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போயிட்டாங்க. போன வேகத்துல என்னைப் பிடிச்சு இழுத்துட்டு வந்துட்டானுங்க. வீட்ல முட்டைக்கோஸ் சூப் ஆறிக்கிட்டிருக்கு. தைசியாவையே குடிச்சிடச் சொல்லுங்க."

"சொல்றேன். பன்றிக்குட்டி?"

"கொஞ்சம் பெருசாப் பாருங்க. போன தடவை வச்சது பூனை மாதிரி இருந்துச்சு."

அந்த ரொட்டி கையைச் சுட்டது. சட்டைக்குள் போட்டுக்கொண்டேன். கயிற்றை அவிழ்த்தேன்.

கடைசி நேரத்தில் ஆளை மாற்றுவது எங்கள் ஊரில் புதிதல்ல. ஒரு கப்பலில் ஆள் குறைந்தால் பக்கத்துக் கப்பலில் இரவல் வாங்குவார்கள். ஆட்பட்டியல் மூன்று நாள் முன்பே தட்டச்சாகி, பெரிய அதிகாரியின் கையெழுத்து விழுந்து, பெட்டியில் பூட்டியாகியிருக்கும். அதைத் திறக்க யாருக்கும் பொறுமை கிடையாது. இரவல் ஆளின் பெயரைப் பென்சிலால் ஒரு துண்டுச் சீட்டில் எழுதித் துறையில் நிற்கும் அதிகாரியிடம் கொடுப்பார்கள். அவர் கோட்டுப் பையில் போட்டுக்கொள்வார். கப்பல் திரும்பியதும் கிழித்துப் போடுவார். கடலுக்கடியில் போகிற மனிதனின் உயிருக்கு இருந்த ஒரே அத்தாட்சி அந்தத் துண்டுச் சீட்டுதான்!

318 திரும்பவில்லை.

பட்டியலில் இருந்த சிசோயெவ் செத்துவிட்டதாக அவன் பெற்றோருக்குத் தந்தி போயிற்று. அவனோ ஆஸ்பத்திரியில் ரவைக் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தான். தப்பு வெளியே வந்ததும், அன்று துறையில் நின்ற அதிகாரி சீட்டே வரவில்லை என்று சாதித்தார். சரி, தப்பைத் திருத்துவார்கள் என்று நினைப்பீர்கள். திருத்தினார்கள். சிசோயெவ் பெயரை அடித்தார்கள், அவ்வளவுதான். அறுபத்திரண்டு பேர் அறுபத்தொன்று ஆனார்கள். அப்படியானால் வெனியமின் எங்கே? வெளிநாட்டுக் கப்பலேறி நார்வேக்கு ஓடிப்போனவன் என்று எழுதினார்கள். ஒரே வாரத்தில் தைசியாவைக் கடற்படைக் குடியிருப்பிலிருந்து சாமானோடு வெளியே தள்ளினார்கள்.

துறையில் வேலை பார்த்த எங்களையும் வரிசையில் நிற்கவைத்து, எதையும் பார்க்கவில்லை என்று கையெழுத்து வாங்கினார்கள். நான் ஐந்தாம் வகுப்பு வரைதான் படித்தவன். இருந்தாலும் அந்தக் காகிதத்தில் இருந்தது எனக்குப் புரிந்தது. புரிந்துதான் போட்டேன்.

அந்தக் குளிர்காலத்தில் கொதிகலன் கூடத்துக்குப் போய் தைசியாவிடம் மட்டும் நடந்ததைச் சொன்னேன். அலுவலகத்தில் வந்து சொல்ல மாட்டேன் என்பதையும் சொன்னேன். மண்வெட்டியால் என் மண்டையைப் பிளப்பாள் என்று நினைத்தேன். அவள் கேட்டது ஒரே கேள்வி.

"ரொட்டி நல்லா வெந்திருந்துச்சா?"

"நல்லா வெந்திருந்துச்சு."

அவள் திரும்பிக் கரியை அள்ளத் தொடங்கினாள்.

வருஷத்துக்கு ஒரு மனு. ஒவ்வொரு தடவையும் பணியாளர் பிரிவில் வேறொரு அதிகாரி, அதே பதில். ஒரு தடவை நான் வெளியே நடைபாதையில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

"அம்மா, பட்டியல்ல சமையல்காரர்னு யாருமே இல்லை."

"அப்ப அறுபத்தோரு பேருக்கு யாரு ஆக்கிப் போட்டது? கடல்ல இருக்கிற மீனா?"

"அவங்களே சமைச்சிருப்பாங்க."

"தளபதி உருளைக்கிழங்கு உரிச்சாரா? அப்படியே எழுதி, கையெழுத்துப் போட்டுக் குடுங்க. நான் போயிடறேன்."

எழுதிக் கொடுக்கவில்லை. நார்வேயிலிருந்து கடிதம் வருகிறதா என்று கேட்டார். பாவி.

பழைய ஆட்சி போய், தொண்ணூற்றிரண்டில் துறைக்கு மேலே 318க்கு நினைவுக் கருங்கல் வைத்தார்கள். அறுபத்தொரு பெயர்கள். தளபதி, பொறியாளர், குண்டு ஏற்றுகிறவன் என்று வேலை வாரியாகச் செதுக்கியிருந்தார்கள். சமையல்காரன் இல்லை. திறப்பு விழாவில் பேச்சு நடக்கும்போதே தைசியா முன்னால் போனாள். கொதிகலனின் பழைய கதவை வெட்டி, வெனியமின் பெயரைப் பொறித்த இரும்புத் தகட்டைக் கக்கத்தில் வைத்திருந்தாள்.

விழாவை நடத்திய அதிகாரி தடுத்தார். அப்போது கூட்டத்திலிருந்து தொந்தி பெருத்த ஓர் ஆள் கத்தினான். சிசோயெவ். மூன்று நாள் ரயிலேறி வந்திருந்தான்.

"நான்தான்யா அந்தச் சமையல்காரன்! உயிரோட நிக்கிறேன். என் இடத்துல போனவன் பேரு எங்கே?"

என் கால் தானாக நடந்தது. "அவன் கையால ரொட்டி வாங்கினவன் நான்" என்றேன்.

"பதினாறு வருஷமா எங்கய்யா இருந்தீங்க?" என்றார் அதிகாரி.

"நீங்க வாங்கின கையெழுத்துக்குப் பின்னாடி ஒளிஞ்சிருந்தேன்."

பரிசீலிப்பதாகச் சொன்னார். பதினாறு வருஷம் பரிசீலித்தது போதாதாம்.

மறுநாள் காலை நானும் சிசோயெவும் கல்லைத் துளைத்து நான்கு போல்ட் போட்டுத் தகட்டை முடுக்கினோம். ஒரு வாரத்தில் கழற்றிக் குப்பையில் போட்டார்கள். தைசியா குப்பையைக் கிளறி எடுத்து வந்தாள். மறுபடி முடுக்கினேன். மறுபடி கழற்றினார்கள். மூன்றாம் தடவை, முடுக்கிய பிறகு நான்கு போல்ட்டின் தலையையும் அரத்தால் ராவி, முனையே இல்லாமல் உருட்டிவிட்டேன். இப்போது எந்த ஸ்பேனரும் பிடிக்காது.

தைசியா உள்ளங்கையால் தகட்டைத் துடைத்தாள். "இப்பத்தான் கப்பல்ல சமையல்காரன் ஏறியிருக்கான்" என்றாள்.

அவர்கள் கோப்பில் அவன் இன்னும் நார்வேயில்தான் இருக்கிறான். இருக்கட்டும். தகட்டை எடுக்க வேண்டுமென்றால் இனிக் கல்லைத்தான் உடைக்க வேண்டும். அறுபத்தொரு குடும்பத்துக்கு முன்னால் எவனுக்குத் துணிச்சல் இருக்கிறதோ, அவன் வந்து உடைக்கட்டும்.