விரிப்பின் மறுமுனை

பெரிய படுக்கை விரிப்பை ஒருவரால் மடிக்க முடியாது. இரண்டு பேர் எதிரெதிரே நின்று, முனைகளைப் பிடித்து உதறி, நடந்து வந்து கையோடு கை சேர்க்க வேண்டும். மருத்துவமனைத் துணிகளை வெளுக்கும் அந்தச் சலவைக்கூடத்தில் அவளுக்கு எதிரே நிற்க யாரும் முன்வருவதில்லை. அவள் மனதில் நினைத்தால் அது நடந்துவிடும் என்று பேச்சு. பெயரே ‘நினைப்பு’ என்றாகிவிட்டது.

பேச்சு தொடங்கியது அவளுக்குக் கல்யாணமான புதிதில். குடித்துவிட்டு அடித்த புருஷனைப் பார்த்து, “நீ திரும்பி வராமலே போ!” என்று ஒருநாள் கத்தினாள். அன்று லாரி மோதி அவன் செத்தான். லாரிக்கு பிரேக் இல்லை. தெரிந்தே அதை ஓட்டச் சொன்ன லாரி முதலாளியை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஒரு பெண்ணின் மனசு கொன்றுவிட்டது என்று முடித்துக்கொண்டார்கள். எவ்வளவு வசதி! மனசுக்கு வழக்கறிஞர் வைக்க வேண்டாம், அபராதமும் கட்ட வேண்டாம்.

அண்ணன் வீட்டுக்குப் பின்னால் ஓர் அறை கொடுத்தான். அண்ணி நிபந்தனை போட்டாள்.

“தாராளமா இருந்துக்கோ. ஆனா எதையும் ஆசைப்பட்டு நினைக்கக் கூடாது. எனக்குப் புள்ளைங்க இருக்கு.”

கொடுமை என்னவென்றால், அவளும் நம்பிவிட்டாள். பேருந்து தாமதமானால் அது வர வேண்டும் என்று நினைக்கமாட்டாள். காய்ச்சலில் கிடந்தால் குணமாக வேண்டும் என்று நினைக்கமாட்டாள். எதற்கும் “வந்தா வரட்டும், போனா போகட்டும்”தான். இப்படி எதற்குமே ஆசைப்படாமல் ஒரு மனுஷி நடுவயதைத் தொட்டுவிட்டாள்.

பகலில் அவளைக் கண்டு ஒதுங்கிப் போனவர்களே பொழுது சாய்ந்ததும் பின்கதவைத் தட்டினார்கள். பள்ளியில் அறிவியல் நடத்தும் வாத்தியாரும் வந்தார்.

“என் டிரான்ஸ்ஃபருக்காக ஒரு தடவை நினைச்சுக்கம்மா. நான் வந்தது யாருக்கும் தெரிய வேண்டாம்.”

அவள் தலையாட்டி அனுப்பிவைப்பாள். நினைக்கமாட்டாள். சும்மா உட்கார்ந்து பேசிவிட்டுப் போக அந்தக் கதவை யாரும் தட்டியதில்லை.

கூடத்தில் புதிதாகச் சேர்ந்த ஒருத்தி மட்டும் முதல் நாளே விரிப்பின் மறுமுனையைப் பிடித்தாள். ‘வாயாடி’ என்று சீக்கிரமே பெயரெடுத்தவள்.

“அவகூட நிக்காதே, கைகால் விளங்காமப் போயிடும்” என்றான் இஸ்திரி போடுகிறவன்.

“அடப் போய்யா! இவ நினைச்சா நடக்கும்னா, நாங்க ரெண்டு பேரும் ஏன் இன்னும் உன் மூஞ்சியைப் பார்த்துக்கிட்டுத் துணி மடிக்கிறோம்?”

நினைப்பு சிரித்தாள். சிரித்துப் பழக்கமில்லாததால் இருமல் வந்துவிட்டது.

ஈர விரிப்புகளைச் சூடான உருளைகளுக்கு நடுவே விட்டுக் காயவைக்கும் இயந்திரம் ஒன்று அங்கே உண்டு. கை உள்ளே போகாமல் தடுக்க அதில் ஒரு கம்பி இருந்தது. கம்பி இருந்தால் வேலை வேகமாக நடப்பதில்லை என்று முதலாளி அதைக் கழற்றச் சொன்னார். வாயாடியின் வலது கை உள்ளே போயிற்று. மூன்று விரல்கள் போயின.

“நினைப்பு அவளையே முறைச்சுப் பார்த்துக்கிட்டு இருந்தா. என் மிஷின் என்ன பண்ணும்?” என்றார் முதலாளி. கூடமே தலையாட்டியது. பிரேக் இல்லாத அதே லாரிதான், இந்த முறை வேறு உருவத்தில்.

தொழிலாளர் அலுவலகத்திலிருந்து விசாரணைக்கு ஆள் வரப்போவதாகச் சொன்னார்கள். நினைப்புக்கு வேலை போகுமோ என்ற கவலைகூட இல்லை. வாயாடியும் நம்பிவிடுவாளோ என்பதுதான் அவளை அரித்தது.

மருத்துவமனைக்குப் பார்க்கப் போனாள். வாயாடி சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். அவளுக்கு அடியில் விரித்திருந்தது இருவரும் சேர்ந்து மடித்த விரிப்பாகக்கூட இருக்கலாம்.

“முதலாளி வந்துட்டுப் போனார். நீ பார்த்த பார்வையில பயந்து நானே கையை உள்ள விட்டுட்டேன்னு சொல்லச் சொல்றார்.”

“நீ என்னடி சொன்னே?”

வாயாடி இவள் பக்கம் திரும்பி, கட்டுப்போட்ட கையை நீட்டினாள்.

“நீ நினைச்சா நடக்குமாமே. என் விரலைத் திரும்ப வரவையேன்.”

அந்தக் குரலில் கேலியே இல்லை.

வாழ்க்கையில் முதல் தடவையாக நினைப்பு வேண்டுமென்றே நினைத்தாள். பேருந்துக்கும் காய்ச்சலுக்கும் கொடுக்காமல் சேர்ந்துபோயிருந்த ஆசையையெல்லாம் திரட்டி, கண்ணை மூடி, பல்லைக் கடித்துக்கொண்டு நினைத்தாள். வியர்த்தது. நர்ஸ் வந்து ஊசி போட்டுவிட்டுப் போனாள். கை அப்படியே இருந்தது.

“வரலடி” என்று அழுதாள். அந்த விரல்களுக்காகவும், தான் கொல்லாத ஒருவனுக்காக இத்தனை காலம் தண்டனை அனுபவித்ததற்காகவும்.

விசாரணை நாளில் கூடத்து ஆட்கள் வரிசையாக முதலாளி சொல்லிக்கொடுத்ததையே ஒப்பித்தார்கள். கடைசியில் அதிகாரி வாயாடியைப் பார்த்தார்.

“பார்வையாவது மண்ணாவது! நானே சோதிச்சுப் பார்த்துட்டேன் சார். இவளால ஒரு நகத்தைக்கூட முளைக்கவைக்க முடியல. இவளா என் விரலை எடுத்திருப்பா? கம்பியைக் கழட்டச் சொன்னது இதோ நிக்கிறாரே, இவர். எழுதிக்குங்க.”

நினைப்புக்கு அதுவரை யாரும் கொடுக்காத நற்சான்று அது.

கம்பியைத் திரும்ப மாட்டினார்கள். வாயாடிக்கு நஷ்டஈடு கிடைத்தது, வேலை கிடைக்கவில்லை. மகன் இருக்கும் ஊருக்குப் போய்விட்டாள். பின்கதவை இப்போது வாத்தியார்கூடத் தட்டுவதில்லை. நினைப்பின் சக்தி போய்விட்டதாம். ஆனாலும் கூடத்தில் அவளுக்கு எதிரே வந்து நிற்க மட்டும் இன்னும் பயம்.

அவள் விரிப்பின் இரண்டு முனைகளைச் சுவரிலுள்ள ஆணிகளில் மாட்டிவிட்டு, மற்ற முனைகளைப் பிடித்துக்கொண்டு ஆணிகளை நோக்கி நடக்கிறாள். வேலை முடிந்து நிறுத்தத்தில் நிற்கும்போது, “சீக்கிரம் வந்து தொலையேன்” என்று தாராளமாக நினைக்கிறாள். வாயாடி ஒருநாள் வந்து மறுமுனையைப் பிடிக்க வேண்டும் என்றும் நினைக்கிறாள்.

பேருந்தாவது தாமதமானாலும் வந்துவிடுகிறது.