ஹப் ஒயரைப் பிடுங்க யாருக்கு அதிகாரம்?

1. யாளி போன திங்கட்கிழமை

இரண்டாயிரத்தின் தொடக்க ஆண்டுகள். காஞ்சிபுரத்தில் பட்டுச் சேலைகளுக்கு டிசைன் போடும் ஒரு சென்டரில் நான் சிஸ்டம் அட்மின். ஐந்து கம்ப்யூட்டர், அவற்றை இணைக்கும் ஒரு ஹப், டயல்-அப் இன்டர்நெட். பார்டரையும் முந்தியையும் நாங்கள் திரையில் கட்டம் கட்டமாக வரைவோம். அதைப் பார்த்து, தறியில் டிசைன் விழவைக்கும் துளை அட்டைகளைக் குத்துவார்கள்.

ஒரு திங்கட்கிழமை ஆபரேட்டர் சலீம் ஒரு ஈமெயிலைத் திறந்தார். அதில் வந்த வைரஸால் ஃபைல்கள் ஒவ்வொன்றாக அழியத் தொடங்கின.

"மேடம், யாளி டிசைன் மொத்தமும் காணோம்!"

ஹப்பின் ஒயரைப் பிடுங்கினால் மற்ற மெஷின்கள் தப்பும். கேட்காமல் பிடுங்க எனக்குத் துணிச்சல் வரவில்லை. இருவரும் முதலாளி வரதன் சாரைக் கேட்க ஓடினோம். அவர் ஃபோனில் இருந்தார்.

"இருப்பா, பார்ட்டிகிட்ட பேசிக்கினு இருக்கேன் இல்ல?"

பேசி முடிப்பதற்குள் ஐந்தும் போயின. மூன்று மாத உழைப்பு. பேக்கப் சிடி போடாதது என் தப்பு.

2. ஸ்டிக்கர் பொட்டு

அதன்பின் சனிக்கிழமைதோறும் மதியம் ஒத்திகை. நான்தான் வைரஸ். இரண்டு நிமிடத்துக்கு ஒரு மானிட்டரில் ஸ்டிக்கர் பொட்டு ஒட்டுவேன். பொட்டு வைத்தால் அந்த மெஷின் காலி. யாராவது ஹப் ஒயரைப் பிடுங்கினால் நிறுத்திவிடுவேன். முதல் வாரம் ஐந்து பொட்டும் ஒட்டி முடித்தேன். அத்தனை பேரும் அனுமதி கேட்டுச் சார் அறை வாசலில் நின்றிருந்தார்கள்.

அடுத்த வாரம் சாரையும் சேர்த்துக்கொண்டு, யாருக்கு என்ன வேஷம் என்று சீட்டுப் போட்டேன். கொஞ்சம் தில்லுமுல்லும் செய்தேன். சாருக்கு ஆபரேட்டர் சீட்டு, சலீமுக்கு முதலாளி சீட்டு.

பொட்டு விழுந்ததும் சார் எழுந்து போய்த் தன் அறை வாசலிலேயே நின்றார். "சார், ஒயரைப் பிடுங்கட்டுமா?"

சலீம் ரிசீவரைக் காதில் வைத்துக்கொண்டு திரும்பாமலே சொன்னார்: "இருப்பா, பேசிக்கினு இருக்கேன் இல்ல?"

இரண்டாவது பொட்டு. மூன்றாவது.

"யோவ், எல்லாம் போவுதுய்யா!" என்று சார் கத்தினார்.

"அப்புறம் வாப்பா."

முதலில் யாரும் சிரிக்கவில்லை. சார் சிரித்தபிறகுதான் எங்களுக்கு மூச்சு வந்தது. திங்கட்கிழமை ஹப்மேல் அவர் கையெழுத்தில் ஒரு தாள்: 'யார் பார்த்தாலும் பிடுங்கலாம். என்னைக் கேட்க வேண்டாம்.'

3. கல்யாணப் பார்ட்டி

சில மாதம் கழித்து, ஒரு கல்யாண வீட்டார் உட்கார்ந்திருந்தார்கள். மணப்பெண்ணுக்கான முந்தியைச் சாரே இன்னொரு மெஷினிலிருந்து எடுத்துத் திரையில் காட்டிக்கொண்டிருந்தார். சட்டென்று படம் உறைந்து நின்றது.

"யாருய்யா அது?"

"நான்தான் சார்," என்றார் சலீம். பிடுங்கிய ஒயர் கையில் இருந்தது. "என் மெஷின்ல ஃபைல் போவுது."

சார் முகம் சிவந்தது. ஒரு நொடிதான். பெண்ணின் அம்மாவிடம் திரும்பினார். "பத்து நிமிஷம்மா, காபி சாப்பிடுங்க."

பத்து நிமிடம் இரண்டு மணி நேரமானது. அவர்கள் எழுந்து வேறு இடம் போய்விட்டார்கள். ஆனால் போனது ஒரே மெஷின். அதையும் சிடியிலிருந்து மீட்டேன். சார் சலீமை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுதான் அன்று அவருக்குக் கஷ்டமான வேலையாக இருந்திருக்கும்.

இந்தத் துறைக்கு வருகிறவர்களுக்கு ஒன்று சொல்வேன். ஆன்டி-வைரஸ் வாங்குங்கள், பேக்கப் போடுங்கள். கூடவே, ஒயரைப் பிடுங்கும் உரிமையைக் கடைசி ஆள்வரை கொடுங்கள். வாயால் கொடுத்தால் போதாது. முதலாளி பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒருமுறை பிடுங்க வையுங்கள்.