படலை பூட்டிய நாள்

என் குடியுரிமைப் பத்திரம் இருக்கும் உறைக்குள் பழுப்பேறிய ஒரு காகிதத் துண்டும் இருக்கிறது. லோயர் ஐயா தன் முழங்காலில் வைத்து எழுதித் தந்தது.

இங்கிலாந்தின் நாட்டுப்புறத்தில் பரம்பரை நிலமும் வழக்கறிஞர் தொழிலுமாக வாழ்ந்த மனிதர். மனைவி இறந்தபின் எல்லாவற்றையும் விற்றுவிட்டு, மகளுக்குக் கிட்ட இருக்கவென்று கியூபெக் மாகாணத்துச் சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில் வீடும் வயலும் வாங்கினார். இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் நான் அங்கே சமையல் வேலை செய்து, பின் அறையில் தங்கியிருந்தேன். அகதி வழக்கு முடியாத காலம். பஸ்ஸுக்குப் போகிறவர்கள் எல்லோரும் அவருடைய வயலுக்குக் குறுக்கேதான் நடப்பார்கள். அவர் ஒன்றும் சொல்வதில்லை. ஆனால் வருடத்தில் ஒரு நாள் வயல் வாசல் படலையைப் பூட்டிவிட்டு, பொழுதுபடும்வரை நாற்காலி போட்டு அதனருகே இருப்பார். வருடக்கணக்காகத் தடையில்லாமல் நடந்தால் பாதை ஊருக்குச் சொந்தமாகிவிடும், ஒரு நாள் மறித்தால் நிலம் நிலக்காரனுக்கே என்பது அவர் நாட்டு வழக்கம். வேலிக் கதியாலை ஒரு சாண் தள்ளி நட்டதற்காகக் கூடப்பிறந்தவரோடு சாகும்வரை கதைக்காதவர்களைப் பார்த்து வளர்ந்த எனக்கு அது விசித்திரமாகப் படவில்லை.

எந்த நாளில் பூட்டுவார் என்று முன்கூட்டிச் சொல்கிற ஆளல்ல. என் விசாரணை நாளிலேயே பூட்டினார். சேலையும் குளிர்கோட்டுமாக ஓடிப்போனால் படலையில் பூட்டு, பக்கத்தில் நாற்காலியில் ஐயா. சுற்றிப் போனால் பஸ் போய்விடும். விசாரணைக்கு வராதவளின் வழக்கு என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். ஆங்கிலம் வாயில் வரவில்லை. “ஐயா, எனக்கு இண்டைக்கு விசாரணை. திறவுங்கோ!” என்று தமிழிலேயே கத்தினேன். சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு படலையில் கால் வைத்தேன். கையைக் காட்டி மறித்தார். பிறகு அவசரமில்லாமல் ஆறுதலாகக் குறிப்புப் புத்தகத்தை எடுத்து எழுதத் தொடங்கினார். அப்போது நான் மனதுக்குள் திட்டியதை இங்கே எழுத முடியாது. கையெழுத்து வைத்து, கிழித்துத் தந்த பிறகுதான் சாவியை எடுத்தார். அனுமதியோடு போகிறவரால் நிலக்காரரின் உரிமை குறையாது என்று பிறகொரு நாள் விளக்கினார்.

பஸ்ஸில் ஏறித்தான் வாசித்தேன். “இவர் என் அனுமதியோடு என் நிலத்தின் வழியே போகிறார். விரும்பும்போது திரும்பி வரலாம்.”

விசாரணைக் கட்டட வாசலில் என் அண்ணை காத்து நின்றார். “என்ன பிள்ளை, இவ்வளவு நேரம்? கையில என்ன துண்டு?”

“ஐயா தந்தவர். தன்ர காணியால நடக்கலாமாம்.”

“விசர்க் கிழவன். வா கெதியா.”

விசாரணை முடியும்வரை அந்தத் துண்டை உள்ளங்கையில் பொத்தி வைத்திருந்தேன். இங்கே இருக்கலாம் என்ற கடிதம் சில மாதங்களில் வந்தது.

ஐயா காலமானபின் அவர் மகள் ஒன்று சொன்னார். கியூபெக் சட்டத்தில் எத்தனை வருடம் நடந்தாலும் யாருக்கும் வழியுரிமை வராதாம். அது அப்பாவுக்கும் தெரியுமாம், பழக்கத்தை விட மனமில்லையாம். இருவரும் சிரித்தோம். பிறகு எனக்கு அழுகை வந்தது.

போன கிழமை அந்தப் பக்கம் போனேன். வயல் முழுக்க வீடுகள், படலை இல்லை. வீட்டுக்கு வந்து உறையைத் திறந்து பார்த்தேன். அந்த நாட்களில் என்னிடம் இருந்த வேலை அனுமதி, மருத்துவக் கடதாசி எல்லாவற்றிலும் முடிவுத் தேதி இருந்தது. ஐயாவின் துண்டில் இல்லை. அவர் லோயர். மறந்து விட்டிருக்க மாட்டார்.