தீபாவளிச் சேலையில் கொழுந்து மலை

கேமரா எனக்குக் கைவந்த கலை. இதைச் சொல்ல நான் கூச்சப்படுவதில்லை. வட்டகொடைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லய வீட்டில் பிறந்து, கொழும்பில் விவரணப் படம் எடுக்கும் அலுவலகம் ஒன்றில் கேமராப் பெட்டி தூக்கி, அறுபதுகளின் தொடக்கத்தில் கேமராமேன் ஆனவன். முதல் வேலையாக டயகமவுக்கு அப்பால் ஒரு தோட்டத்துக்கு அனுப்பினார்கள். தேயிலையைப் பற்றிய படம். கொழுந்து எடுக்கும் பெண்களை என்னைப் போல எவனாலும் படம் பிடிக்க முடியாது என்ற திமிரோடுதான் போனேன்.

காலையில் மலைக்குப் போனால் தூக்கிவாரிப் போட்டது. பெண்கள் எல்லாரும் தீபாவளிச் சேலையில் நிற்கிறார்கள். தலையில் பூ, கழுத்தில் இருக்கிற நகையெல்லாம். இடுப்பில் கட்டும் படங்குச் சாக்கும் இல்லை, கூடையும் இல்லை. முந்தின நாள் காலை வேலைக்குப் பேர் கொடுக்கும் பெரட்டில் கணக்கப்பிள்ளை, "நாளைக்குப் படம் புடிக்கிறாங்க" என்று சொல்லியிருக்கிறார். அவர்களுக்குத் தெரிந்த படமோ அட்டன் ஸ்டூடியோவில் கல்யாணத்துக்கும் பிரஜாவுரிமை விண்ணப்பத்துக்கும் எடுப்பது. கேமராவை ஓட விட்டேன். ஒருத்தியும் அசையவில்லை. மூச்சைப் பிடித்துக்கொண்டு, கண் சிமிட்டாமல் வரிசையாக நிற்கிறார்கள்.

கூட வந்த டைரக்டர் கொழும்புக்காரர். சாக்கைக் கட்டிக்கொண்டு வரச் சொல் என்று குதித்தார். சொன்னேன். முன்னால் நின்ற ஓர் அக்காவின் முகம் சுண்டிப்போனது.

"ஏன் தம்பி, சாக்கக் கட்டிக்கிட்டா படத்துல நிக்கணும்? ஒலகமே பாக்கப் போவுதுன்னாங்களே."

நியாயம்தானே? "மொதல்ல இப்பிடியே எடுக்கிறேன்க்கா. அப்புறம் வேலைச் சேலையில வாங்க. ரெண்டும் படத்துல வரும், அது என் பொறுப்பு" என்றேன். "ஆனா இது ஆடி அசையுற படம். மூச்சு விடலாம், சிரிக்கலாம்."

அவ்வளவுதான், பிடித்து வைத்த மூச்செல்லாம் சிரிப்பாக வெடித்தது. ஒருத்தியை ஒருத்தி இடித்தார்கள், பூவைச் சரிசெய்தார்கள், மறுபடி சிரித்தார்கள். பிலிம் வீணாகிறது என்று டைரக்டர் கத்தக் கத்த எடுத்தேன். அதைவிட நல்ல ஷாட் நான் அதற்குப் பிறகும் எடுத்ததில்லை. அவர்களும் சொன்னபடி உடுப்பு மாற்றி வந்து மத்தியானம் வரை கொழுந்து எடுத்தார்கள்.

கொழும்பில் அந்தச் சிரிப்பை வெட்டிவிட்டார்கள். இது தேயிலைப் படமா, சேலைப் படமா என்று கேட்டார் மேலதிகாரி. சண்டை போட்டேன், தோற்றேன். வெட்டின துண்டை ஒரு தகர டப்பாவில் போட்டு நானே வைத்துக்கொண்டேன்.

சில மாதம் கழித்து அதே தோட்டத்தில், பொழுது சாய்ந்ததும், தேயிலைத் தொழிற்சாலைச் சுவரில் வெள்ளைத் துணி கட்டிப் படம் போட்டோம். மேலதிகாரியும் வந்திருந்தார். படம் முழுக்க அந்தப் பெண்கள்தான். அவர்களுடைய முகம், விரல், கூடை. முடிந்து விளக்குப் போட்டதும் அந்த அக்கா எழுந்து வந்தார்.

"தம்பி, எங்களக் காட்டவே இல்லியே?"

இவ்வளவு நேரம் பார்த்தது உங்களைத்தானே என்று சிரித்தார் அதிகாரி.

"அது வேலைங்க தொரை. நாங்க எங்க?"

கையோடு கொண்டு வந்திருந்த தகர டப்பாவைத் திறந்து அந்தத் துண்டை மெசினில் மாட்டினேன். அதிகாரி என் கையைப் பிடித்தார். உதறிவிட்டேன். துணியில் சேலையும் பூவும் சிரிப்புமாக வந்தார்கள். வந்த வேகத்தில் முடிந்தும் போனது.

அந்த அக்கா மெசினைத் தொட்டுக் காட்டினார். "இன்னொரு வாட்டி போடு தம்பி. நாங்க இன்னும் பாத்து முடிக்கல."