ஃபிலிம் போடாத மூன்று நாட்கள்

ஆவணப்படம் எடுக்கிறவன் என்றால் ஏதோ பெரிய வேலை என்று நினைக்கிறார்கள். காத்துக் கிடப்பதுதான் வேலை. எழுபதுகளில், மழை பொய்த்த ஒரு வருடம். அரூருக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்தில், வற்றிப்போன கிணற்றை ஆழப்படுத்திக்கொண்டிருந்த ஒரு புருஷன் பெண்டாட்டியைப் படமெடுக்கப் போயிருந்தேன். கூட ஒரு கேமராமேன். புருஷன்காரர் கிணற்றுக்குள் பாறையை உடைப்பார். அந்த அம்மாள் மேலே நின்று கல்கூடையை இழுப்பார், எங்கள் கேமராவை ஒட்டினாற்போல்.

கேமராவைக் கண்டால் எங்கள் பக்கத்து ஜனங்கள் போட்டோ ஸ்டுடியோவில் நிற்பதுபோல் விறைத்துக்கொள்வார்கள். மூச்சுகூட விடமாட்டார்கள். அந்தக் கூச்சம் போகட்டும் என்று முதல் மூன்று நாள் ஃபிலிம் போடாமலேயே கேமராவை ஓட்டுவது என் வழக்கம். ஃபிலிம் சுருள் அப்போது குதிரைக்கொம்பு. வெறும் பெட்டி கடகடவென்று ஓடும், நானும் மும்முரமாகக் குனிந்து பார்ப்பேன். சீ, என்ன பிழைப்பு!

அந்த மனிதர் முதல் நாள் வெளுத்த சட்டை போட்டுக்கொண்டு கிணற்றில் இறங்கினார். பாறை உடைக்கிறவன் எவனாவது சட்டை போடுவானா? நிமிஷத்துக்கொரு தரம் மேலே பார்த்துச் சிரித்தார். எரிச்சலாக வந்தது. "பொட்டியைப் பாக்காதீங்க, படம் கெட்டுப்போயிரும்" என்றேன். அதன் பிறகு அவர் நிமிரவே இல்லை. அப்பாடா, பழகிவிட்டார், நாலாம் நாள் ஃபிலிம் போடலாம் என்று கேமராமேனிடம் சொன்னேன்.

நாலாம் நாள் ஃபிலிமோடு போனால் கிணற்றடியில் ஆளே இல்லை. விடிகாலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாராம். மாட்டுவண்டியில் அரூருக்குக் கொண்டுபோகும் வழியிலேயே உயிர் போய்விட்டது. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்.

வேறு கிணறு தேடி அந்தப் பக்கமே அலைந்துகொண்டிருந்தோம். கருமாதிக்கு இரண்டு நாள் இருக்கும்போது, நாங்கள் தங்கியிருந்த பள்ளிக்கூடத்துக்கு அந்த அம்மாள் வந்தார்.

"சார், அவருக்கு ஒரு போட்டோ கூட இல்லீங்க. உங்க பிலிம்ல அவரு மொகம் தெரியற மாதிரி ஒரு துண்டு வெட்டிக் குடுங்க. படையல்ல வெச்சுக்கறேன்."

"வெளிச்சம் பட்டுக் கெட்டுப்போச்சுன்னு சொல்லிடுங்க" என்று கேமராமேன் என் காதில் கிசுகிசுத்தான். பொய் சொல்லக்கூட எனக்குத் தெம்பில்லை. உள்ளதைச் சொன்னேன்.

"மூணு நாளும் ஒண்ணுமே புடிக்கலீங்களா?"

"இல்லீங்கம்மா."

திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் தேவலை.

"பொட்டியப் பாக்கக் கூடாதுன்னு நீங்க சொன்னீங்கல்ல? நான் உங்க பக்கத்துலதான நின்னேன். கஞ்சி குடிக்க வாய்யான்னு கூப்புட்டாக்கூட, என் மொகத்த நிமிந்து பாக்கலீங்க சார் அந்த மனுசன்."